மடாம் இல்டாவின் வீட்டை நான் எரித்த கதை

எங்கள் ஆட்களிடம் ஒரு விசித்திரமான பழக்கம் இருக்கிறது. ஒருவர் "எனக்கு நல்லாத் தெரியும்" என்று சொன்னால் நம்ப மாட்டோம். "கொஞ்சம்தான் தெரியும்" என்று சொன்னால் ஆள் பெரிய விண்ணன் என்று முடிவு கட்டிவிடுவோம். இத்தாலிய மொழி பற்றி நான் ஒருவரிடமும் பொய் சொன்னதில்லை. கேட்ட எல்லோரிடமும் "கொஞ்சம்தான்" என்றே சொன்னேன். அந்த உண்மைதான் என்னை மொன்றியல் டவுன்டவுனில் ஒரு மேடைக்கு இழுத்துக்கொண்டு போய், கையில் மைக்கைக் கொடுத்து, முன் வரிசையில் மாமனாரையும் இருத்திவிட்டது.

அந்தக் கொஞ்சம் எவ்வளவு கொஞ்சம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். கனடாவுக்கு வர முதல் நான் இத்தாலியில், பலேர்மோவில் ஓர் உணவகத்தின் பின்பக்கத்தில் தட்டுக் கழுவினேன். என்னோடு கழுவியவர், வெங்காயம் உரித்தவர், குப்பை கொட்டியவர் எல்லாரும் யாழ்ப்பாணத்தார். முதலாளி மட்டும்தான் இத்தாலியன். ஆகவே, தட்டுக் கழுவுகிறவனைப் பார்த்து ஒரு முதலாளி என்னென்ன சொல்லுவாரோ அவ்வளவும் எனக்கு அத்துப்படி. சுடுது, கவனம், கெதியாய், வழி விடு, எரிஞ்சு போச்சு, இன்னும் ஊத்தை இருக்கு, போதும் காணும், உனக்கு ஒண்டும் விளங்காது. இவற்றோடு சில வசைகள். (அவற்றின் அர்த்தம் இன்றுவரை தெரியாது. முகத்தைப் பார்த்து ஊகித்ததுதான்.)

எனக்கும் சுகந்திக்கும் கலியாணம் பேசும்போதே மாமா தொலைபேசியில் கேட்டார்.

"தம்பிக்கு இத்தாலியன் பாசை தெரியுமோ?"

"கொஞ்சம்தான்."

மாமா அந்தப் பக்கம் மாமியிடம் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது. "பெடியன் நல்ல அடக்கம்."

மாமா புவாண்ட்-கிளேரில் ஒரு பண்டகசாலையில் வேலை. கனடாவில் இத்தனை வருடம் ஆங்கிலத்தோடு சமாளித்துவிட்டார், பிரெஞ்சு ஒரு சொல்லும் ஏறவில்லை. பாசை தெரிந்தவர்கள்மேல் அவருக்கு அளவில்லாத மரியாதை. நான் வந்து இறங்கி ஒரு மாதத்துக்குள் கோயிலில், கடையில், பிறந்தநாள் விழாவில் எல்லாம் "எங்கட மருமகன் இத்தாலியன் கதைப்பார்" என்று அறிமுகப்படுத்தத் தொடங்கிவிட்டார். நல்லவேளையாக அங்கே வந்த ஒருவருக்கும் இத்தாலியன் தெரியாது.

பிரெஞ்சை அரசாங்க வகுப்பில் படித்து ஓரளவு தேறினேன். பிறகு பார்க் எக்ஸ்டென்ஷனில் ஒரு மருந்துக்கடையில் டெலிவரி வேலை கிடைத்தது. வயதானவர்களின் வீட்டுக்கு மாத்திரைப் பைகளைக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். அப்படித்தான் மடாம் இல்டாவைச் சந்தித்தேன்.

எண்பதைக் கடந்தவர். மூன்றாம் மாடியில் தனியே இருந்தார். ஆள் சின்ன உருவம், குரல் மட்டும் துருப்பிடித்த படலைக் கதவைத் தள்ளினது போல இருக்கும். முதல் நாள் கதவில் இத்தாலியப் பெயரைப் பார்த்துவிட்டு, மரியாதைக்காக "புவொன்ஜோர்னோ, சினியோரா" என்றேன். அவ்வளவுதான். அன்று தொடங்கி ஒவ்வொரு தடவையும் என்னைக் குசினி மேசையில் இருத்தி, ஒரு பிஸ்கட்டைத் தந்து, கதை கதையாகச் சொல்லத் தொடங்கிவிட்டார். நான் தலையாட்டுவேன். இடைக்கிடை "சீ, சீ" என்பேன். (இத்தாலியனில் ஓம் என்பதற்கு 'சீ' என்றுதான் சொல்ல வேண்டும். பலேர்மோவுக்குப் புதிதாக வரும் எங்கட ஆட்களுக்கு முதல் வாரம் கடும் கோபம் வரும்.) அவர் சிரித்தால் நானும் சிரிப்பேன், முகம் வாடினால் நானும் வாடுவேன். என்னோடு ஒரு நாளும் பிரெஞ்சில் ஒரு சொல்லும் பேசாததால், அவருக்குப் பிரெஞ்சு தெரியாது என்று நானே முடிவு செய்துகொண்டேன்.

சுவரில் ஒரு கறுப்பு வெள்ளைப் படம் இருந்தது. தலையில் துணி கட்டிய இளம் பெண், கையில் பெரிய பானை. மடாம் அதைக் காட்டி, தன் நெஞ்சைத் தொட்டு, "சினேமா" என்று சொல்லியிருக்கிறார். நான் அவர் சினிமா பார்க்கப் பிரியப்படுகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

ஒரு ஒக்டோபர் மாதம் நான் மருந்துப் பையோடு படியேறிப் போனபோது வாசலில் ஓர் இளம்பெண் நின்றாள். பெயர் மரி-எவ். டவுன்டவுனில் ஒரு பல்கலைக்கழகத் திரைப்படக் குழுவை நடத்துகிறவள். மடாமிடம் பிரெஞ்சில் ஏதோ கேட்டாள். மடாம் பேசாமல் சிரித்தார். ஆங்கிலத்தில் கேட்டாள். அதே சிரிப்பு. அந்த நேரம் பார்த்து நான் போய் "புவொன்ஜோர்னோ" என்றேன்.

மடாம் விரலை நீட்டி என்னைக் காட்டி, "இந்தேர்ப்பிரெத்தே" என்றார்.

எனக்கு அது ஏதோ மருந்துக் குளிசையின் பெயர் போலக் கேட்டது. "சீ, சீ" என்று பையைத் தூக்கிக் காட்டினேன்.

மரி-எவ்வின் முகம் மலர்ந்தது. "நீங்கள் இவருடைய மொழிபெயர்ப்பாளரா? இத்தாலியன் பேசுவீர்களா?"

"கொஞ்சம்தான்."

"இப்படிச் சொல்கிறவர்கள்தான் நன்றாகப் பேசுவார்கள்" என்றாள் அவள். (இந்த வியாதி எங்கட ஆட்களுக்கு மட்டும்தான் எண்டு அதுவரைக்கும் நினைச்சிருந்தன்.)

மடாம் இல்டா யார் என்பதை அந்தப் படிக்கட்டில் வைத்து மரி-எவ் சொல்லித்தான் அறிந்தேன். போருக்குப் பிந்திய இத்தாலியப் படங்கள் முப்பதுக்கு மேற்பட்டவற்றில் நடித்தவர். ஒன்றிலும் கதாநாயகி இல்லை. பக்கத்து வீட்டுக்காரி, விதவை, ஜன்னலில் நின்று கூப்பிடுகிறவள், பாண் வாங்கும் வரிசையில் இரண்டாவது ஆள். பிற்காலத்தில் சிரிப்புப் படங்கள் வந்தபோது வேலைக்காரி, மாமியார். சில படங்களில் எழுத்தோடும்போது பெயர் வரும், பலவற்றில் வராது. பிறகு ஓடு பதிக்கும் தொழிலாளி ஒருவரைக் கட்டிக்கொண்டு மொன்றியல் வந்து, வேலைக்குப் போன கடைசி நாள் வரைக்கும் தையல் ஆலையில் இருந்தார். பக்கத்து மெசினில் தைத்தவர்களுக்குக்கூட அவர் படத்தில் நடித்தது தெரியாது. மரி-எவ் ஏதோ ஒரு பழைய படத்தைப் பற்றித் தேடப்போய், அந்த நடிகை மெட்ரோவில் போகும் தூரத்தில் உயிரோடு இருக்கிறார் என்று கண்டுபிடித்திருக்கிறாள். அந்தப் படத்தைத் திரையிட்டு, அவரை மேடையில் இருத்தி, நாலு கேள்வி கேட்க வேண்டும். அவருடைய வாழ்க்கையில் இதுதான் முதல் கௌரவிப்பு.

"நீங்கள் பக்கத்தில் இருந்து மொழிபெயர்த்தால் போதும்" என்றாள்.

அன்றிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. சுகந்தியிடம் உண்மையைச் சொன்னேன்.

"சுகந்தி, எனக்கு உண்மையா ஒண்டும் தெரியாது. தட்டுக் கழுவுற இத்தாலியன்தான் தெரியும்."

"மேடையேற முதல் எல்லாரும் இப்பிடித்தான் சொல்லுறவை. பயப்பிடாதேங்கோ. அப்பா லீவும் போட்டிட்டார்."

பார்க் எக்ஸ்டென்ஷனில் பிறந்து பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் படித்தவள் அவள். பிரெஞ்சில் நான் விடுகிற பிழைகளை ஒன்றுவிடாமல் பிடிப்பாள். இத்தாலியனில் மட்டும் என்னை நூறு வீதம் நம்பினாள்.

தொலைபேசியில் பாசை படிப்பிக்கும் ஒரு செயலியைப் போட்டுக்கொண்டேன். அது எனக்கு "அப்பிள் சிவப்பு", "என் மாமாவிடம் ஒரு குதிரை இருக்கிறது" என்று படிப்பித்தது. இவை இரண்டும் கேள்வியாக வர வேண்டும் என்று கோயிலில் கும்பிட்டேன். கடைசி முயற்சியாக மடாமிடமே போய், ஒழுங்காகப் பாடமாக்கிய ஒரு வசனத்தைச் சொன்னேன். எனக்கு இத்தாலியன் பேச வராது என்பது அதன் பொருள். அதை நல்ல உச்சரிப்பில் சொல்லித் தொலைத்துவிட்டேன். மடாம் என் கன்னத்தில் தட்டி இன்னொரு பிஸ்கட் தந்தார்.

அந்த நாள் வந்தது. மடாமை என்னுடைய பழைய காரில் ஏற்றிக்கொண்டு போனேன். கறுப்புக் கோட், நீளப் பாவாடை, கடும் சிவப்பில் உதட்டுச் சாயம். எந்த நேரமும் கதைக்கிற மனிசி அன்று வழி முழுக்க வாயே திறக்கவில்லை. கைப்பையை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்தபடி நேரே பார்த்துக்கொண்டிருந்தார். பெரிய நடிகைகள் மேடைக்கு முதல் இப்படித்தான் மௌனமாக இருப்பார்களாக்கும் என்று நினைத்தேன். என் நிலைமை வேறு. ஒவ்வொரு சிவப்பு விளக்கும் எனக்கு ஆறுதலாக இருந்தது. எல்லா விளக்கும் பச்சையாக வந்த ஒரு தெருவில் எனக்கு அழுகை முட்டியது.

மண்டபம் நிறைந்திருந்தது. மாணவர்கள், கண்ணாடி போட்ட பேராசிரியர்கள். முன் வரிசையில் கோட் சூட்டில் மாமா, பட்டுச் சேலையில் மாமி, நடுவில் சுகந்தி. மாமா தொலைபேசியில் வீடியோ எடுக்க ஆயத்தமாக இருந்தார். அது பரவாயில்லை. அவர்களுக்கு நேர் பின் வரிசையைப் பார்த்தபோதுதான் நான் நடந்த இடத்திலேயே நின்றுவிட்டேன். பத்துப் பன்னிரண்டு வயதானவர்கள், நல்லாக உடுத்து, கையை ஆட்டி ஆட்டிக் கதைத்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் என்ன பாசை கதைக்கிறார்கள் என்று கிட்டப் போய்க் கேட்கத் தேவை இருக்கவில்லை. கையைப் பார்க்கவே தெரிந்தது. மொன்றியலில் இவ்வளவு இத்தாலியர் இருக்கிறார்கள் என்பதை நான் இரண்டு கிழமையாக நினைத்துப் பார்க்கவே இல்லை.

முதலில் படம் ஓடியது. போரில் வீடிழந்த இரண்டு குடும்பங்கள் ஒரே அறையை நடுவில் திரைச்சீலை கட்டிப் பங்கு போட்டு இருக்கிற கதை. சீலைக்கு மற்றப் பக்கம் இருக்கும் விதவையாக மடாம் வந்தார். மொத்தம் ஐந்து நிமிடம் இருக்கலாம். அதில் ஒரு காட்சி. பக்கத்துக் குடும்பத்துப் பிள்ளைக்குத் தன்னுடைய பானையில் இருந்து சூப் ஊற்றிக் கொடுத்துவிட்டு, அது குடிப்பதைப் பார்த்துக்கொண்டே நிற்பார். முகத்தில் ஒன்றும் அசையாது. கண்ணில் இருந்து மட்டும் தண்ணீர் ஒழுகும். என்னுடைய பயம் எல்லாம் அந்தக் கொஞ்ச நேரம் எங்கேயோ போய்விட்டது. ஒன்று மட்டும் உறுத்தியது. திரையில் அவருடைய குரல் மெல்லிசாக, குயில் போல இருந்தது. வயது போனால் குரல் எவ்வளவு கெட்டுப்போகிறது என்று நினைத்துக்கொண்டேன்.

விளக்குப் போட்டார்கள். மேடையில் மூன்று கதிரை. நடுவில் மடாம், ஒரு பக்கம் மரி-எவ், மற்றப் பக்கம் நான். அவசரத்தில் மைக்கை வாய்க்குக் கொண்டுபோக அது பல்லில் முட்டி, 'டொக்' என்ற சத்தம் மண்டபம் முழுக்கக் கேட்டது. என்னுடைய முதல் மொழிபெயர்ப்பு அதுதான். இன்றைக்கும் சரியாகச் செய்த ஒன்று என்று அதைத்தான் சொல்லுவேன்.

மரி-எவ் கேட்டாள். "சினிமாவுக்கு எப்படி வந்தீர்கள்?"

நான் மடாமின் பக்கம் திரும்பி, தெரிந்த சொற்களைப் பொறுக்கி, "சினேமா... எப்படி?" என்றேன். பின் வரிசையில் ஒருவர் இருமினார்.

மடாம் நீளமாகப் பேசினார். எனக்கு இரண்டே இரண்டு சொல் பிடிபட்டது. ஒன்று சேர்ட். மற்றது, பலேர்மோவில் முதலாளி பானையைப் பார்த்துத் தினமும் கத்திய சொல், எரிஞ்சு போச்சு. மடாம் நிறுத்தினார். மண்டபம் முழுவதும் என்னைப் பார்த்தது. சேர்ட், எரிஞ்சு போச்சு. சேர்ட், எரிஞ்சு போச்சு. பயத்தில் மூளை வேலை செய்யாது என்று சொல்கிறார்கள். அது பிழை. பயத்தில் மூளை அளவுக்கு மிஞ்சி வேலை செய்யும்.

"மடாம் சொல்கிறார்" என்றேன் பிரெஞ்சில், "போர்க்காலத்தில் அவருடைய வீடு எரிந்துபோனது. போட்டிருந்த ஒரு சேர்ட்டோடு உயிர் தப்பி ஓடினார்."

மண்டபத்தில் ஒரு பெருமூச்சு எழுந்தது. ஒரு மாணவி கண்ணைத் துடைத்தாள். மாமா என்னைப் பார்த்துப் பெருமையாகத் தலையாட்டினார். பின் வரிசைக்காரர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். நான் மடாமைத் திரும்பிப் பார்க்கப் பயந்து, என் சப்பாத்தைப் பார்த்தேன்.

மரி-எவ் அந்தத் தீயை விடுவதாக இல்லை. "அப்படியானால் சூப் கொடுக்கும் காட்சியில் நீங்கள் அழுதது அந்த எரிந்த வீட்டை நினைத்தா?"

இதை இத்தாலியனில் கேட்க எனக்கு எங்கே வழி? "சினியோரா" என்றேன், "சூப்... சுடுதா?"

பின் வரிசை குலுங்கியது. மடாம் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு திரும்பவும் பேசினார். சூப், பிள்ளை, இன்னும், காணும். நாலு சொல். எனக்கு இது பெரிய அறுவடை.

"பிள்ளை இன்னும் சூப் கேட்டது" என்றேன். "மடாம் காணும் என்று சொன்னார். அதனால் அழுதார்."

பேராசிரியர் ஒருவர் கண்ணை மூடித் தலையை மெதுவாக அசைத்தார். என் முதுகில் வேர்வை ஆறாக ஓடியது. நெற்றியில் இருந்து சொட்டி மைக்கில் விழுந்தது. இன்னும் ஒரு கேள்விதான் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன்.

"இளம் நடிகர்களுக்கு என்ன சொல்ல விரும்புகிறீர்கள்?"

இந்தத் தடவை மடாம் எனக்காகக் காத்திருக்கவே இல்லை. கேள்வியை நான் மொழிபெயர்க்க முதலே பதிலைச் சொல்லத் தொடங்கிவிட்டார். (அதை நான் அப்ப கவனிச்சிருக்க வேணும்.) என்னுடைய முகத்தைப் பார்த்தபடி, மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். எனக்கு நன்றாகத் தெரிந்த இரண்டு விசயம் அதில் வந்தது. வேர்வை. அப்புறம், முதலாளி எனக்கே வைத்திருந்த வசனம், ஒண்டும் விளங்காது. எனக்குப் புது உற்சாகம் பிறந்தது. நேரே சபையைப் பார்த்து, குரலை உயர்த்திச் சொன்னேன்.

"கலை என்பது வியர்வை. அதில் எவருக்கும் ஒன்றும் விளங்காது."

மாணவர்கள் எழுதிக்கொண்டார்கள். பின் வரிசையில் ஒரு கிழவி சிரிப்புத் தாங்காமல் முன் கதிரையில் தலையை முட்டிக்கொண்டாள். அவளுக்குப் பக்கத்தில் இருந்த உயரமான கிழவர் எழும்பினார். மைக் தேவைப்படாத குரலில் பிரெஞ்சில் சொன்னார்.

"மன்னிக்கவேணும். அந்த அம்மா சொன்னது இது இல்லை. 'பாவம் இந்தப் பெடியன், எப்பிடி வேர்க்குது பாருங்கோ, அவனுக்கு ஒண்டும் விளங்காது' எண்டுதான் சொன்னவ. முதல் மொழிபெயர்த்ததும் பிழை. வீடு ஒண்டும் எரியேல்லை."

சுகந்தி இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள். நடப்பது ஒன்றும் விளங்காத மாமா, கிழவர் என்னைப் பாராட்டுகிறார் என்று நினைத்துத் தொலைபேசியை அவர் பக்கம் திருப்பினார். மரி-எவ்வின் முகம் வெளிறியிருந்தது. ஒரு மனிசியின் வாழ்க்கையில் ஒரே ஒரு மாலையை நான் இப்படிக் கெடுத்துவிட்டேனே என்பது அப்போதுதான் உறைத்தது. அதுவரை என்னை நினைத்துத்தான் பயந்துகொண்டிருந்தேன். இப்போது வந்த பயம் வேறு மாதிரி, கனமாக இருந்தது.

மடாம் இல்டா கையை நீட்டி என்னிடமிருந்து மைக்கை வாங்கினார்.

"பெடியனை விடுங்கோ" என்றார்.

அவர் சொன்னது எனக்கு விளங்கியது. அது எப்படி விளங்கியது என்பதுதான் விளங்கவில்லை. அவர் பேசியது பிரெஞ்சு. படித்தவர்களின் பிரெஞ்சு இல்லை, பார்க் எக்ஸ்டென்ஷன் கடைகளில் நான் கேட்கிற, முனை மழுங்கிய, தடதடவென்று ஓடுகிற பிரெஞ்சு.

"இப்ப படத்திலை பாத்தியள்தானே, வாய் என்ரை, குரல் என்ரை இல்லை. என்ரை குரல் தடிச்ச குரல், விதவைக்குச் சரிவராது எண்டு சொல்லி, வேறை ஒரு பொம்பிளையைக் கொண்டு பேசுவிச்சவை. எல்லாப் படத்திலையும் அப்பிடித்தான். அந்தப் பொம்பிளையை நான் ஒருக்காலும் கண்டதில்லை. முதல் படம் வந்தபோது அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனன். அம்மா இருட்டுக்குள்ளை என்ரை கையைப் பிடிச்சு, 'ஆர் பிள்ளை உனக்குள்ளை இருந்து கதைக்கிறது?' எண்டு கேட்டவ."

மடாம் மைக்கை மற்றக் கைக்கு மாற்றினார்.

"வீடு எரியேல்லை. எரிஞ்சது ஒரு சேர்ட். நான் ரோமிலை ஒரு சலவைக்கடையிலை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தனான். ஒரு இயக்குநரின்ரை சேர்ட்டை எரிச்சுப் போட்டன். அந்தாள் வந்து கத்தினார். நான் அவரைவிடப் பெரிசாக் கத்தினன். அவர் சிரிச்சுப் போட்டு, நாளைக்கு வந்து இதே மாதிரிக் கமெராவுக்கு முன்னாலை கத்து எண்டார். போய்க் கத்தினன். பேந்து அந்தக் கத்தலையும் வேறை ஆளைக் கொண்டு கத்துவிச்சினம்."

மண்டபம் வெடித்துச் சிரித்தது. மாமாவும் சிரித்தார்.

"சூப் கதையிலை பெடியன் அரைவாசி சரி" என்று என் தோளில் தட்டினார் மடாம். "காட்சி சரிவருமட்டும் திரும்பத் திரும்ப எடுத்தவை. ஒவ்வொரு தரமும் பிள்ளைக்கு உண்மையான சூப். பிள்ளை காணும் காணும் எண்டு அழுகுது, இயக்குநர் இன்னும் குடு எண்டுறார். நான் விடியத் தொடக்கம் ஒண்டும் தின்னேல்லை. அந்தச் சூப்பைப் பாத்துத்தான் எனக்குக் கண்ணீர் வந்தது. அதைப் பத்திரிகைக்காரர் தாய்மை எண்டு எழுதினவை."

அதற்குப் பிறகு அவரை நிறுத்த ஒருவராலும் முடியவில்லை. அந்தத் துருப்பிடித்த குரலில் அவர் ஒவ்வொரு படத்தையும் சொன்னார். வெட்டி எறிந்த காட்சிகளைச் சொன்னார். கதாநாயகிகள் சாப்பிட்டு மிச்சம் வைத்ததை வீட்டுக்குக் கொண்டுபோனதைச் சொன்னார். பின் வரிசைக் கிழவர்கள் கையைத் தட்டித் தட்டிக் கேட்டார்கள். நான் பக்கத்துக் கதிரையில் செய்ய ஒன்றுமில்லாமல் இருந்தேன். எழும்பிப் போகவும் முடியாது, இருந்து என்ன முகத்தை வைப்பது என்றும் தெரியாது. பானைக்குப் பக்கத்தில் வைத்த மூடி மாதிரி இருந்தேன். கடைசியில் எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். முதலில் எழும்பியவர் மாமா.

என் வீட்டார் மெட்ரோவில் போய்விட, மடாமை நான் காரில் ஏற்றினேன். கொஞ்சத் தூரம் போன பிறகு சொன்னேன்.

"மடாம், என்னை மன்னியுங்கோ. எனக்கு இத்தாலியன் தெரியாது."

"தெரியும்" என்றார். "என்ரை பூனை செத்த அண்டைக்கு உனக்குச் சொன்னன். நீ 'பிராவோ' எண்டனி."

நான் ஸ்டியரிங்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

"அப்ப ஏன் என்னைக் கேட்டனீங்கள்? உங்களுக்குத்தான் பிரெஞ்சு வடிவா வருதே."

மடாம் கைப்பையை மடியில் சரிசெய்தார். "என்ரை பிரெஞ்சு மெசினுக்குப் பக்கத்திலை படிச்சது. அங்கை இருக்கிறவை முழுக்கப் படிச்ச ஆக்கள். வாயைத் திறந்தாச் சிரிப்பினம் எண்டு பயந்தன். நீ பக்கத்திலை இருந்தா நான் ஒண்டும் கதைக்கத் தேவையில்லைத்தானே. மேடையிலை எனக்குக் கால் நடுங்கினது. பாவாடை நீளம், ஒருத்தரும் காணேல்லை."

"பேந்து எப்பிடிக் கதைச்சனீங்கள்?"

"உன்னைப் பாத்தன். இதைவிட மோசமாக் கதைக்க ஏலாது எண்டு விளங்கினோடனை பயம் போயிட்டுது."

அன்று நான் அவரை மூன்றாம் மாடி வரைக்கும் கையைப் பிடித்து ஏற்றிவிட்டேன். பிறகு வேறு இரண்டு இடங்களிலும் அவரைப் பேசக் கூப்பிட்டார்கள். மொழிபெயர்ப்பாளர் வேண்டாம் என்று அவரே முந்திச் சொல்லிவிட்டாராம். இப்போது மருந்துக்குப் போனால் என்னோடு பிரெஞ்சில்தான் பேசுகிறார். முக்கியமான விசயம் ஏதும் இருந்தால் என்னிடம் சொல்வதில்லை, சுகந்திக்கு நேரே தொலைபேசி எடுத்துவிடுகிறார்.

மாமாவின் வீடியோ ரொறன்ரோ, லண்டன் எல்லாம் போய்விட்டது. நான் பேசியது விளங்காததால் ஊர் முழுக்க என்னை மெச்சுகிறது. ஆனால் வீட்டுக்குள் நிலைமை வேறு. அன்றே சுகந்தி குசினியில் வைத்து மாமிக்கு எல்லாவற்றையும் விளக்கிவிட்டாள். அதன் பலனை நான் போன வருடம், எங்களுக்குப் பிள்ளை பிறந்த அன்று, ஆஸ்பத்திரியில் அனுபவித்தேன். சுகந்திக்குக் கடினமான பிரசவம். வெளியே மாமியும் மாமாவும் விடியத் தொடக்கம் காத்திருந்தார்கள். எல்லாம் முடிந்து, டொக்டர் என்னிடம் வந்து சொன்னதைக் கேட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு வெளியே ஓடினேன்.

"மாமி, பொம்பிளைப் பிள்ளை. தாயும் பிள்ளையும் சுகம்."

மாமா கையெடுத்துக் கும்பிட்டார். மாமி எழும்பவில்லை. என்னுடைய முகத்தை மேலும் கீழும் பார்த்தார்.

"இது டொக்டர் சொன்னதோ தம்பி, இல்லாட்டி நீங்கள் சொன்னதோ?" என்று கேட்டுவிட்டு, என் பதிலுக்குக் காத்திராமல், தாதியைத் தேடிக்கொண்டு உள்ளே போனார்.